ஓரலகு முறை: ‘ஒன்றுக்கு எவ்வளவு?’ என்று கேட்டுக் கணக்குப் போடுவது எப்படி

ஆறு நோட்டுப் புத்தகங்களில் மொத்தம் 288 பக்கங்கள். அதே மாதிரி 10 நோட்டுகளில் எத்தனை பக்கங்கள் இருக்கும்?

இந்தக் கணக்கைப் பார்த்ததும் சில பிள்ளைகள் மூன்று எண்களையும் மாற்றி மாற்றிப் பெருக்கி வகுத்து, எது விடை மாதிரித் தெரிகிறதோ அதை எழுதிவிடுவார்கள். இன்னும் சிலர், ஆறுக்கும் பத்துக்கும் வித்தியாசம் 4, ஆகவே 288-உடன் நாலைக் கூட்டினால் 292 என்பார்கள். இரண்டுமே தவறுதான். ஆனாலும் இரண்டாவது கொஞ்சம் மரியாதைக்குரிய தவறு, அதில் ஒரு யோசனையாவது இருக்கிறது. அவர்களிடம் இப்படிக் கேட்டுப் பாருங்கள்: “கூடியது நாலு நோட்டா, நாலு பக்கமா? நாலு நோட்டு கூடி நாலே பக்கம்தான் கூடியது என்றால், ஒரு நோட்டில் எத்தனை பக்கம்?” ஒரே ஒரு பக்கம் உள்ள நோட்டா என்று பிள்ளையே சிரித்துவிடும்.

அந்தக் கேள்வியில் ‘ஒரு நோட்டில்’ என்பது வந்துவிட்டது இல்லையா, ஓரலகு முறைக்கு அதுவே போதும். ஒன்றுக்கு எவ்வளவு என்று தெரிந்துகொண்டால், பத்துக்கும் சொல்லலாம், நூற்றுக்கும் சொல்லலாம்.

முதலில் ஒரு கணக்கை முழுசாக

பேனாவை எடுப்பதற்கு முன் கணக்கை இரண்டு தடவை படியுங்கள். முதல் தடவை எண்களை விட்டுவிட்டு: ‘சில நோட்டுகளில் இத்தனை பக்கம்; வேறு சில நோட்டுகளில் எத்தனை பக்கம்?’ இப்படிப் படித்தால் கணக்கில் இருப்பவை இரண்டே சங்கதிகள் என்பது புரியும், நோட்டு ஒன்று, பக்கம் ஒன்று. இரண்டாவது தடவை படிக்கும்போது எண்களைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

‘மொத்தம் என்று வந்தால் கூட்டு, மீதி என்று வந்தால் கழி’ என்று சொல்லிக்கொடுக்கும் பழக்கம் பலரிடம் இருக்கிறது. இந்த வகைக் கணக்குகளில் அது கை கொடுக்காது. மேலே உள்ள கணக்கிலேயே ‘மொத்தம்’ இருக்கிறது, ஆனால் கூட்டுவதற்கு ஒன்றுமில்லை. சொல்லைப் பிடித்துக்கொண்டு செயலைத் தேடாமல், எதற்கும் எதற்கும் சம்பந்தம் என்று பாருங்கள்.

அடுத்து, தெரிந்ததை ஒரு வரியாக எழுத வேண்டும். இதற்கு ஒரே விதிதான்: கணக்கில் எதைக் கேட்கிறார்களோ அது வரியின் கடைசியில், சமன்குறிக்கு வலப்பக்கம் வரவேண்டும். பக்கத்தைக் கேட்கிறார்கள், ஆகவே பக்கம் வலப்பக்கம்.

6 நோட்டுகளில் உள்ள பக்கங்கள் = 288
1 நோட்டில் உள்ள பக்கங்கள் = 288 ÷ 6 = 48
10 நோட்டுகளில் உள்ள பக்கங்கள் = 48 × 10 = 480

மூன்றே வரி. முதல் வரி கணக்கு கொடுத்தது, இரண்டாவது ஒன்றுக்கு இறங்குவது, மூன்றாவது கேட்டதற்கு ஏறுவது.

இடப்பக்கத்துச் சொற்களை எழுத பிள்ளைகள் அலுத்துக்கொள்வார்கள். ‘288 ÷ 6 = 48, 48 × 10 = 480’ என்று ஒரே வரியில் முடித்துவிடலாமே என்பார்கள். எளிய கணக்கில் முடிக்கலாம்தான். ஆனால் நடுவில் வந்த 48 என்பது என்ன என்று கேட்டால் சொல்லத் தெரிய வேண்டும். ‘48’ என்பது வெறும் எண். ‘ஒரு நோட்டுக்கு 48 பக்கம்’ என்பதுதான் வீதம். கணக்கு கொஞ்சம் சிக்கலானதும் கைவிடாமல் காப்பாற்றுவது அந்தச் சொற்கள்தான். அதனால் தொடக்கத்தில் சில நாட்களுக்காவது சொற்களோடு எழுத வையுங்கள்.

விடை வந்ததும் ஒரு நொடி நின்று சரிபாருங்கள். 10 என்பது ஆறைவிட அதிகம், ஆனால் அதன் இரண்டு மடங்கான 12-ஐவிடக் குறைவு. ஆகவே விடை 288-க்கும் 576-க்கும் இடையில் வரவேண்டும். 480 அப்படித்தான் இருக்கிறது. 292-உம் இந்த எல்லைக்குள் வந்துவிடுகிறதே என்று கேட்பீர்கள். சரிதான், ஆனால் நடுவில் 9 நோட்டை நிறுத்திப் பாருங்கள். 9 என்பது ஆறின் ஒன்றரை மடங்கு, அதற்கே 432 பக்கம் ஆகிவிடும். பத்துக்கு 292 எப்படி வரும்?

எதை ஒன்றாக்குவது?

புதிதாகக் கற்பவர்கள் பெரும்பாலும் தடுக்கி விழும் இடம் இதுதான், அதனால் இதில் கொஞ்சம் நிதானமாகப் போவோம். வகுக்க வேண்டும் என்று தெரியும், எதை எதால் என்று தெரியாது.

ஒரு வண்டி 12 லிட்டர் எரிபொருளில் 180 கிலோமீட்டர் போகிறது. இதிலிருந்து இரண்டு விதமான கேள்வி கேட்கலாம். 20 லிட்டரில் எத்தனை கிலோமீட்டர் போகும் என்பது ஒன்று. 270 கிலோமீட்டர் போக எத்தனை லிட்டர் வேண்டும் என்பது மற்றொன்று.

முதல் கேள்வியில் கேட்பது கிலோமீட்டர். அது வலப்பக்கம் போகட்டும். இடப்பக்கத்தில் மிஞ்சுவது லிட்டர், அதுதான் ஒன்றாக வேண்டியது.

12 லிட்டரில் போகும் தூரம் = 180 கி.மீ.
1 லிட்டரில் போகும் தூரம் = 180 ÷ 12 = 15 கி.மீ.
20 லிட்டரில் போகும் தூரம் = 15 × 20 = 300 கி.மீ.

இரண்டாவது கேள்வியில் கேட்பது லிட்டர். இப்போது அது வலப்பக்கம், கிலோமீட்டர் இடப்பக்கம்.

180 கி.மீ. போக வேண்டிய எரிபொருள் = 12 லிட்டர்
1 கி.மீ. போக வேண்டிய எரிபொருள் = 12/180 = 1/15 லிட்டர்
270 கி.மீ. போக வேண்டிய எரிபொருள் = 270 × 1/15 = 18 லிட்டர்

ஆக, ஒரே தகவலில் இரண்டு ஓரலகு வீதங்கள் ஒளிந்திருக்கின்றன: லிட்டருக்கு 15 கிலோமீட்டர், கிலோமீட்டருக்கு பதினைந்தில் ஒரு பங்கு லிட்டர். ஒன்றைத் தலைகீழாக்கினால் மற்றது. இரண்டாவது கேள்வியை முதல் வீதத்தை வைத்தும் போடலாம்: லிட்டருக்கு 15 கி.மீ. என்றால், 270-க்குள் எத்தனை பதினைந்து இருக்கிறது? பதினெட்டு. விடை அதேதான், பின்னமும் இல்லை. கணக்கு கை வந்தவர்கள் இப்படித்தான் போடுவார்கள். ஆனால் இங்கே கடைசிப் படி பெருக்கல் இல்லாமல் வகுத்தலாகிவிடுகிறது, புதியவர்கள் குழம்பும் இடமும் அதுதான். அதனால் ‘கேட்பது வலப்பக்கம், மற்றது ஒன்றாகும்’ என்ற விதியையே முதலில் பிடித்துக்கொள்ளுங்கள். குறுக்குவழி பிறகு தானாக வரும்.

இரண்டு வீதமும் முழு எண்ணாக அமையும் அழகான இடம் ஒன்று உண்டு. பூமி 24 மணி நேரத்தில் தன்னைத்தானே ஒரு சுற்றுச் சுற்றுகிறது, அதாவது 360 பாகை. ஒரு மணி நேரத்துக்கு எத்தனை பாகை என்று கேட்டால் 360 ÷ 24 = 15 பாகை. ஒரு பாகைக்கு எவ்வளவு நேரம் என்று கேட்டால், 24 மணி நேரம் என்பது 1440 நிமிடம், 1440 ÷ 360 = 4 நிமிடம். இரண்டு ஊர்களின் தீர்க்கரேகைகளுக்கு இடையில் 35 பாகை வித்தியாசம் என்றால், சூரியன் உச்சிக்கு வரும் நேரத்தில் 35 × 4 = 140 நிமிடம், அதாவது 2 மணி 20 நிமிடம் வித்தியாசம் இருக்கும். நேரத்தைக் கேட்டதால் பாகையை ஒன்றாக்கினோம்.

மீதி வந்தால் பயப்பட வேண்டாம்

7 மீட்டர் கம்பியின் எடை 5 கிலோ. 42 மீட்டர் கம்பியின் எடை என்ன? ஒன்றுக்கு இறங்கினால் 5 ÷ 7. இதைத் தசமத்தில் வகுத்தால் 0.714285 என்று நீண்டுகொண்டே போகும். பொறுமையிழந்து 0.71 என்று வெட்டிவிட்டு 42-ஆல் பெருக்கினால் 29.82 கிலோ. சரியான விடை 30 கிலோ. நடுவில் வெட்டியதால் வந்த வினை இது. ஆகவே நடுப் படியில் வகுத்துத் தீர்க்க வேண்டியதே இல்லை. 5/7 என்று பின்னமாகவே விட்டுவிட்டு அடுத்த வரியில் 5/7 × 42 என்று எழுதுங்கள். ஏழும் நாற்பத்திரண்டும் அடிபட்டு, 5 × 6 = 30 என்று வந்து நிற்கும்.

இன்னொன்றும் கவனித்திருப்பீர்கள். 42 என்பது ஏழின் ஆறு மடங்கு. அப்படியானால் ஒன்றுக்கு இறங்குவானேன்? 5 கிலோவை நேரடியாக ஆறால் பெருக்கிவிட்டுப் போகலாமே. தாராளமாகப் போகலாம். 8 பெட்டிகள் 50 கிலோ என்றால் 12 பெட்டிகள் எவ்வளவு என்ற கணக்கில்கூட, ஒன்றுக்குப் போனால் 6.25 என்று வரும். நாலு பெட்டிக்குப் போனால் 25, அதை மூன்று மடங்காக்கினால் 75, வேலை முடிந்தது. எட்டையும் பன்னிரண்டையும் மீதியில்லாமல் வகுக்கும் எண் நாலு என்பதால் அங்கே தங்கினோம். பிள்ளை இப்படிச் செய்தால் ‘ஓரலகு முறையில் போடவில்லை’ என்று மதிப்பெண்ணைக் குறைப்பது அநியாயம். முறையின் உயிரைப் பிடித்துக்கொண்டதால்தான் அது இப்படிப் போடுகிறது.

மணியும் நிமிடமும்

அலகு கலந்து வரும் கணக்குகளில் முதல் வேலை எல்லாவற்றையும் ஒரே அலகுக்குக் கொண்டுவருவது. மீட்டர், சென்டிமீட்டர் எல்லாம் பத்தின் மடங்குகளில் ஓடுவதால் அதிகம் தொல்லை தராது. தொல்லை தருவது நேரம்தான்.

ஒரு மோட்டார் 2 மணி 15 நிமிடத்தில் 900 லிட்டர் தண்ணீர் ஏற்றுகிறது. 1000 லிட்டர் ஏற்ற எவ்வளவு நேரம் ஆகும்? இங்கே 2 மணி 15 நிமிடத்தை 2.15 என்று எழுதினால் கணக்கு அங்கேயே கெட்டது. 15 நிமிடம் என்பது கால் மணி, ஆகவே 2.25 மணி. இல்லையென்றால் முழுவதையும் நிமிடமாக்கி 135 என்று வைத்துக்கொள்ளுங்கள், அதுதான் பாதுகாப்பு. கேட்பது நேரம், அது வலப்பக்கம்:

900 லிட்டருக்கு ஆகும் நேரம் = 135 நிமிடம்
1 லிட்டருக்கு ஆகும் நேரம் = 135/900 நிமிடம்
1000 லிட்டருக்கு ஆகும் நேரம் = 135/900 × 1000 = 150 நிமிடம்

150 நிமிடம் என்றால் 2 மணி 30 நிமிடம். மணிக் கணக்கில் போட்டவர்களுக்கு 2.5 என்று வந்திருக்கும். அதை ‘2 மணி 50 நிமிடம்’ என்று படிப்பவர்களும் உண்டு, ‘2 மணி 5 நிமிடம்’ என்று படிப்பவர்களும் உண்டு. கால்குலேட்டர் கையில் இருந்தாலும் இந்த வலையில் விழலாம்.

பிள்ளைகளுக்கு வீதத்தைப் பழக்க, வீட்டில் கிடக்கும் காகிதக் கட்டு ஒன்றே போதும். அச்சுக் காகிதக் கட்டின் மேல் ‘80 ஜிஎஸ்எம்’ என்று போட்டிருக்கும். ஒரு சதுர மீட்டர் காகிதத்தின் எடை 80 கிராம் என்று அதற்கு அர்த்தம். கம்பெனிக்காரர்களே நமக்கு ஓரலகு வீதத்தைக் கணக்கிட்டுக் கொடுத்துவிட்டார்கள். ஏ4 தாள் என்பது ஒரு சதுர மீட்டரில் பதினாறில் ஒரு பங்கு. அப்படியானால் ஒரு தாள் 80 ÷ 16 = 5 கிராம். 500 தாள் கொண்ட கட்டு 2500 கிராம், அதாவது இரண்டரைக் கிலோ. தராசு இருந்தால் வைத்துக் காட்டுங்கள், மேலுறையின் எடை மட்டும் கொஞ்சம் கூடும்.

ஒன்றுக்குப் போகும்போது பெருக்க வேண்டிய கணக்குகள்

6 பேர் சேர்ந்து ஒரு வேலையை 10 நாளில் முடிக்கிறார்கள். 4 பேர் செய்தால் எத்தனை நாள்? பழக்க தோஷத்தில் 10-ஐ ஆறால் வகுத்தால், ஒரே ஆள் அந்த வேலையை இரண்டு நாளுக்குள் முடித்துவிடுவான்! ஆள் குறைந்தால் நாள் கூடத்தான் வேண்டும். ஒருவரே செய்தால் 10 × 6 = 60 நாள். 4 பேர் பங்கு போட்டுக்கொண்டால் 60 ÷ 4 = 15 நாள்.

இது எதிர் மாறல். முன்னால் பார்த்தவை நேர் மாறல். பெயரை மனப்பாடம் செய்வதைவிட, ஒவ்வொரு வரியிலும் ‘இது ஒன்றானால் அது கூடுமா, குறையுமா?’ என்று கேட்டுக்கொள்வது பலனுள்ளது. குறையும் என்றால் வகுக்கவும், கூடும் என்றால் பெருக்கவும். இந்தக் கேள்வியைக் கேட்காமல் இரண்டாவது வரியில் கை தானாக வகுத்தல் குறியைப் போடுகிறது என்றால், பிள்ளை முறையைக் கற்கவில்லை, வரிசையை மட்டும் கற்றிருக்கிறது.

மூன்று சங்கதிகள் வரும் கணக்குக்கும் இதே வழிதான். 3 இயந்திரங்கள் 4 மணி நேரத்தில் 240 பாகங்கள் செய்கின்றன; 5 இயந்திரங்கள் 7 மணி நேரத்தில்? ஒரு இயந்திரம் 4 மணி நேரத்தில் 80. ஒரு இயந்திரம் ஒரு மணி நேரத்தில் 20. ஐந்து இயந்திரம் ஒரு மணியில் 100, ஏழு மணியில் 700. ஒரு வரிக்கு ஒரு மாற்றம், அவ்வளவுதான்.

இந்த முறையே செல்லாத இடம்

எல்லாவற்றையும் ஒன்றுக்கு இறக்கிப் பெருக்கிவிட முடியாது. இதை விளக்க ஓட்டப்பந்தயத்தைவிட நல்ல உதாரணம் கிடைப்பது கஷ்டம். 2009-இல் பெர்லினில் உசைன் போல்ட் 100 மீட்டரை 9.58 விநாடியில் ஓடினார். அப்படியானால் 200 மீட்டருக்கு? இரண்டால் பெருக்கினால் 19.16 விநாடி. அதே பெர்லினில் அவர் 200 மீட்டரை ஓடியது 19.19 விநாடியில். அடேயப்பா, விநாடியில் நூற்றில் மூன்று பங்குதான் வித்தியாசம்! முறை வேலை செய்கிறது என்று மகிழ்ந்து 400 மீட்டருக்குப் போவோம். கணக்குப்படி 38.32 விநாடி. 2016 ரியோ ஒலிம்பிக்கில் வேட் வான் நீகெர்க் உலக சாதனை படைத்த நேரமே 43.03. இன்னும் நீட்டி 800 மீட்டருக்குப் போனால் கணக்கு சொல்வது 76.64 விநாடி, 2012 லண்டனில் டேவிட் ருடிஷா படைத்த உலக சாதனை 1 நிமிடம் 40.91 விநாடி, அதாவது 100.91.

கணக்கில் பிழை இல்லை. மனிதக் கால்களுக்குக் களைப்பு உண்டு என்பதைக் கணக்கு கண்டுகொள்ளவில்லை. 200 மீட்டரில் ஒத்துப்போனதும் தற்செயல்தான்: நின்ற இடத்திலிருந்து கிளம்பி வேகம் பிடிக்க ஆகும் நேரத்தை ஒரே ஒரு முறைதான் இழக்க வேண்டும் என்பதால் கிடைத்த லாபமும், வளைவாலும் களைப்பாலும் வந்த நஷ்டமும் கிட்டத்தட்ட ஈடாகிவிட்டன. ஓரலகு முறை செல்ல வேண்டுமென்றால் முதல் அலகும் கடைசி அலகும் ஒரே மாதிரி இருக்க வேண்டும். முதல் நோட்டில் 48 பக்கம் என்றால் பத்தாவது நோட்டிலும் 48 பக்கம். பாடப்புத்தகங்கள் ‘அதே வேகத்தில்’, ‘அதே மாதிரி’ என்று ஒரு சொல்லை நடுவில் போட்டு வைப்பது இதற்காகத்தான். அந்தச் சொல்லை யாரும் படிப்பதில்லை என்பது வேறு விஷயம்.

குறுக்குப் பெருக்கலைப் பற்றி

‘இதற்கெல்லாம் குறுக்குப் பெருக்கல் இருக்கிறதே, எதற்கு மூன்று வரி?’ என்று மேல் வகுப்புப் பிள்ளைகள் கேட்பார்கள். அதுவும் பழைய சரக்குதான். மூன்று தெரிந்தால் நாலாவதைக் கண்டுபிடிக்கும் இந்த வழிக்குத் திரைராசிகம் என்று பெயர். கி.பி. 499-ஐ ஒட்டியே ஆரியபட்டர் இதற்கு விதி சொல்லிவிட்டார்: பலனை இச்சையால் பெருக்கி, பிரமாணத்தால் வகுக்க வேண்டும். நம் கணக்கில் பிரமாணம் 6 நோட்டு, பலன் 288 பக்கம், இச்சை 10 நோட்டு. 288 × 10 ÷ 6 = 480.

வேகம் வேண்டுமானால் இது நல்ல வழி. ஆனால் நடுவில் வரும் 2880 என்ற எண்ணுக்கு எந்த அர்த்தமும் சொல்ல முடியாது. 48-க்குச் சொல்ல முடியும். அதனால் தொடக்கக்காரருக்கு ஓரலகு முறையை முதலில் கொடுத்து, குறுக்குப் பெருக்கலை ஒரு வருஷம் தள்ளி வைப்பதே நல்லது என்பது என் கட்சி.

போட்டுப் பார்க்க

விடையைப் பார்க்காமல் இவற்றைப் போடுங்கள். (அ) 15 விநாடியில் நாடி 18 தடவை துடிக்கிறது. ஒரு நிமிடத்துக்கு எத்தனை? (ஆ) ஒரு அச்சுப்பொறி 4 நிமிடத்தில் 96 பக்கம் அடிக்கிறது, மற்றொன்று 5 நிமிடத்தில் 130 பக்கம்; 312 பக்கத்தை எது முதலில் முடிக்கும், எத்தனை நிமிடம் முன்னால்? (இ) ஒரே அளவுள்ள 8 குழாய்கள் ஒரு தொட்டியை 6 மணி நேரத்தில் நிரப்பும், இரண்டு அடைத்துக்கொண்டால்? (ஈ) கொடியில் போட்ட 5 சட்டைகள் காய 2 மணி நேரம் ஆனது. 15 சட்டைகள் காய? (உ) ஒரு ரயில் 2 மணி 40 நிமிடத்தில் 320 கி.மீ. போகிறது, அதே வேகத்தில் 1 மணி 12 நிமிடத்தில்?

முதலாவதில் ஒன்றுக்கு இறங்கவே வேண்டாம். ஒரு நிமிடத்தில் நாலு பதினைந்து விநாடிகள், ஆகவே 72. இரண்டாவதில் நிமிடத்துக்கு 24 பக்கமும் 26 பக்கமும். 13 நிமிடம், 12 நிமிடம், ஆகவே இரண்டாவது அச்சுப்பொறி ஒரு நிமிடம் முன்னால் முடிக்கும். குழாய்க் கணக்கில் ஒரே குழாய்க்கு 48 மணி நேரம், மிஞ்சிய ஆறுக்கு 8 மணி நேரம். சட்டைக் கணக்கில் 6 மணி நேரம் என்று எழுதியிருந்தால் மேலே ஓட்டப்பந்தயப் பகுதியைத் திரும்பப் படியுங்கள். கொடியில் தாராளமாக இடம் இருந்தால் பதினைந்துக்கும் இரண்டு மணி நேரம்தான். ரயில் கணக்கில் 160 நிமிடத்துக்கு 320 கி.மீ., நிமிடத்துக்கு 2 கி.மீ., 72 நிமிடத்துக்கு 144 கி.மீ. வேறு ஏதாவது வந்திருந்தால், 1 மணி 12 நிமிடத்தை 1.12 என்று எழுதிவிட்டீர்களா என்று முதலில் பாருங்கள்.